முழுப்பெயர்

"பேரச் சொல்லுங்கக்கா. சொல்லாட்டா லைன் நிக்காது."

காதுக்கருவியை ஒரு பக்கம் விலக்கிக்கொண்டு ரெபேக்காள் சொன்னாள். தென்காசி தபாலாபீஸில் வேறு காலத்து ஆட்களோடு பேசும் போனுக்கு அவள்தான் ஆப்பரேட்டர்.

உலகம்மை ரிசீவரை இரண்டு கையாலும் பிடித்திருந்தாள். 

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதிலேயே நாடுகள் கூடி ஒப்பந்தம் போட்டு, ஒவ்வொரு மொழிக்கும் ஒரு பொதுப்பேச்சு வகுத்திருந்தன. எந்தக் காலத்துக்குப் பேசினாலும் அந்தப் பேச்சுதான். நடந்தது, நடக்கப்போவது எதையும் சொல்லக் கூடாது. உறவுமுறை கூடாது, உறவு சொன்னால் அழுகை வரும், அழுதால் எதிரில் இருப்பவருக்குப் புரிந்துவிடும். அழைக்கிறவர் தான் யாரென்று சொல்லக் கூடாது.

அழைக்கப்படுகிறவரின் முழுப்பெயரை மட்டும் முதலில் சொல்லியாக வேண்டும்.

ஆளுக்கு ஆயுளில் ஒரே அழைப்பு. கணவர் இறந்த பிறகு இத்தனை நாளும் அதைச் செலவழிக்காமல் வைத்திருந்தாள். இன்றைக்கு ஐம்பத்தைந்தாம் வருஷத்துக்குப் போட்டாள். கல்யாணமான புதிது, குற்றாலத்தில் ஒரு லாட்ஜில் அவர் மானேஜர்.

குரலைக் கேட்டால் போதும் என்றுதான் வந்தாள்.

"ஹலோ" என்றது அதே குரல். பின்னால் அருவி இரைந்தது.

ரேஷன் கடையில்கூட அவர் பெயரைப் பக்கத்தில் நிற்கும் ஆளைத்தான் சொல்லச் சொல்வாள். அவர் போன பிறகும் அந்தப் பழக்கம் போகவில்லை.

ரெபேக்காள் கையை ஆட்டி அவசரப்படுத்தினாள்.

"சிவனணைந்தபெருமாள்" என்றாள் உலகம்மை. நடுவில் நாக்கு தடுக்கியது.

"ஆமா, நாந்தான். யாரு பேசுதது?"

"இங்கே சாரல் விழுகிறது."

"இங்கனயும் சாரல்தான்." பிறகு, "இந்தக் குரலு..." என்று ஆரம்பித்தார்.

லைன் அறுந்தது.

"நேரம் முடிஞ்சிட்டுக்கா" என்று ரெபேக்காள் ரிசீவரை மெதுவாக வாங்கி வைத்தாள்.

பஸ்ஸுக்கு நின்றாள். பேசிவிட்டேன் என்று போய்ச் சொல்ல வீட்டில் ஆளில்லை. பஸ் வந்து, அவளை ஏற்றாமலே போனது. அவள் கை காட்டவில்லை. அப்போதுதான், கல்யாணமான புதிதில் ஒரு சாயங்காலம் நினைவுக்கு வந்தது.

வழக்கத்துக்கு முன்னாலேயே அவர் நனைந்துகொண்டு வீட்டுக்கு வந்தார். தலையைத் துவட்டாமல் அடுக்களை வாசலில் நின்றார்.

"ஏட்டி, எம் பேர ஒருக்கா சொல்லு, கேப்போம்."

அவளுக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சொன்னாள்:

"நீங்க இருக்க மட்டுக்கும் அது எம் வாயில வராது."

அவர் சிரிக்கவில்லை. "சரிட்டி" என்றார்.

சோறு வடிக்கும்வரை அவள் பக்கத்திலேயே, ஈரத்தோடு உட்கார்ந்திருந்தார்.