லெப்டொப்பில் இடமில்லை

"மொதல்ல அந்தச் சண்டை கேமைத் தூக்குங்க. அறுபது ஜீபியாம்! ஒரு வீட்டையே முழுங்கின சாமான்."

இல்மா விரலை நீட்டிச் சொன்னாள். உண்மையாகவே அகற்றவா என்று லெப்டொப் கேட்டதற்கு, இப்ஹாம் ஆமென்று அழுத்தினான்.

வந்து அரை மணி நேரமாகியும் அபாயாவைக்கூடக் கழற்றாமல், கதிரை நுனியில் இருந்தாள் அவள். அறைக் கதவு அகலத் திறந்து கிடந்தது. அதற்கு நேரே முக்காலியைப் போட்டுக்கொண்டு ஆஸியா உம்மா முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"உம்மா, அந்தக் கீரைய குசினில வெச்சு ஆயுங்களேன்," என்றான் இப்ஹாம்.

"எனக்கு இங்கதான் காத்து வருது."

கண்டி மஹய்யாவ மேட்டு வீட்டில் காற்றுக்கா பஞ்சம்! இல்மா சிரிப்பை அடக்கிக்கொண்டு திரையைப் பார்த்தாள்.

"எங்கட வாப்பா எனக்கு வாங்கித் தந்த லெப்டொப். இதுல என்ட ஒரு பாடத்துக்கு எடமில்ல. நாளைக்கு ஸ்கூல் புள்ளைகளுக்குக் கணக்குப் பாடம் ரெக்கோட் பண்ணணும். எதை எடுத்தா எது நிக்கும்னு எனக்கு வெளங்காது. நீங்களே செய்ங்க."

"செய்றன்தானே."

"சுபஹு பாங்கு சொல்ற வரைக்கும் முழிச்சிருந்து விளையாடுவீங்க. எங்கட வாப்பாவ ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போன அன்டைக்கும் நீங்க போனை எடுக்கல்ல."

"அன்டைக்கு விளையாடினது இந்தச் சண்டை கேம்தான்," என்றான் தலையைக் குனிந்தபடி.

"தெரியும். அதான் அதை மொதல்ல தூக்கச் சொன்னன்."

அடுத்தது கார் ரேஸ். அதுவும் போனது. அதற்கடுத்தது கிரிக்கெட்.

"இதுல நீங்க நம்மட நாட்டுக்கு உலகக் கிண்ணமே எடுத்துக் குடுத்தீங்க," என்றாள் இல்மா. "கடைக்குப் போய் முட்டை வாங்கத்தான் ஏலாமப் போச்சு."

வாசலில் கீரை ஆய்ந்த கை நின்றது. "அது மெய்," என்றது உம்மாவின் குரல்.

மூவருமே சிரித்துவிட்டார்கள். அந்த அறையில் சிரிப்புச் சத்தம் கேட்டு எவ்வளவு நாளாயிற்று என்று இப்ஹாம் நினைத்தான். நெஞ்சுக்குள் எங்கோ ஒரு நப்பாசை தலை தூக்கியது. அதை அடக்கத்தான் அவனுக்குத் தெரியவில்லை.

"இனி விளையாட மாட்டன், இல்மா. சத்தியமா."

"இதை ரெண்டு வருஷத்துக்கு முன்ன செஞ்சிருந்தா..." ஆறிப்போன பிளேன்டீயை எடுத்து ஒரு வாய் குடித்தாள். "அடுத்தது என்ன?"

அடுத்தது கடைசி. பச்சை வயலும் ஒரு சிவப்புக் கூரையும் போட்ட சின்னப் படம்.

"இது வேணாமே," என்றான் அவசரமாக. "ரெண்டு ஜீபி கூட வராது. ஒங்கட பாடத்துக்கு இது எடஞ்சலா ஈக்காது."

கொரோனா ஊரடங்கில், கல்யாணமான புதிதில், இருவருமாகச் சேர்ந்து நடத்திய தோட்டம் அது. வெளியே கண்டி வீதிகள் வெறிச்சோடிக் கிடக்க, உள்ளே இவர்கள் சோளம் நட்டார்கள், வேலி கட்டினார்கள், மாடு வாங்கினார்கள். அவன் விதைக்க மறந்தால் அவள் விதைப்பாள். அவள் தூங்கிப்போனால் அவன் தண்ணீர் ஊற்றுவான்.

"மாட்டுக்கு வெச்ச பேர் ஞாபகமா?" என்றாள் இல்மா, குரலைத் தாழ்த்தி.

"மெதுவா சொல்லுங்க."

"எனக்குக் காது நல்லாக் கேக்கும்," என்றார் ஆஸியா உம்மா. "என்ட பேரைத்தானே வெச்சீங்க."

இல்மா கையால் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு எட்டி, அந்தப் படத்தைத் தானே தொட்டாள். தோட்டம் திறந்தது. சோளம் அறுவடைக்கு நின்றது. மாடு வேலியோரம் அசை போட்டது. ஒரு கதிர்கூட வாடவில்லை.

"நான் இந்த வீட்ட விட்டுட்டுப் போன அன்டைக்கு எப்படி நின்டிச்சோ, அப்படியே நிக்குது," என்றாள்.

"ஓம். நாம வந்தாத்தான் அங்க பொழுது விடியும்."

அவள் வெகு நேரம் பார்த்துக்கொண்டே இருந்தாள். இது இருக்கட்டும் என்று ஒரு வார்த்தை அவள் சொன்னால் போதும். அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டு தன் மிச்சக் காலத்தை ஓட்டிவிடலாம் என்று இப்ஹாமுக்குத் தோன்றியது. காத்திருந்தான்.

"இதையும்," என்றாள் இல்மா.

"இல்மா..."

"அழிச்சிருங்க. நான் பாக்கப் பாக்க அழிச்சிருங்க. பிறகு எனக்குத் தனிய ஏலாது."

அகற்றவா என்று லெப்டொப் கேட்டது. அவள் முகத்தைத் திருப்பவில்லை. அழுத்தினான். பச்சை வயல் படம் திரையிலிருந்து மறைந்தது.

"இப்ப எடம் காணும்," என்று சொல்லி, மூடியைத் தாழ்த்தி லெப்டொப்பை எடுத்துக்கொண்டாள் இல்மா.

கீழே தெருவில் கார் ஹோன் ஒருதரம் கேட்டது. பிறகு இன்னொரு தரம், கொஞ்சம் நீளமாக. ஆஸியா உம்மா எழுந்து ஜன்னலால் எட்டிப் பார்த்தார். மகனின் முகத்தைப் பார்க்காமலே பேசினார்.

"எறங்குங்க மகள், ஒங்கட மாப்புள வந்துட்டார்."