நாலாவது பக்கம்

"அங்க உட்காராதீங்க மேடம்!"

நாற்காலியை இழுத்த க்ளெண்டா அப்படியே நின்றாள். வெர்னன் கரண்டியால் மேசையைத் தட்டிக்கொண்டே இருந்தார்.

மேடமாம். பெற்ற மகளைப் பார்த்து.

பழைய நடிகர்களுக்கென்றே லாஸ் ஏஞ்சலஸில் இருக்கும் முதியோர் இல்லம் அது. மதியச் சாப்பாட்டு நேரம். பணிப்பெண் யூனிஸ் ஓடிவந்து அவளை மேசையின் இடது பக்கம் உட்கார வைத்தாள்.

"தப்பா எடுத்துக்காதீங்கம்மா. அந்தப் பக்கம் யாரையும் விடமாட்டார். மேனேஜரே திட்டு வாங்கியிருக்காரு. ஆமா, நீங்க அவருக்கு என்ன வேணும்? அவர் பொண்ணு வாராவாரம் பூ கொண்டு வருவாங்களே, அவங்களைத் தெரியுமா?"

"அது நாடகத்துல அவருக்கு மகளா நடிச்ச பொண்ணு. அவர் பெத்த பொண்ணு நான்தான்."

யூனிஸ் நாக்கைக் கடித்துக்கொண்டாள். தட்டைத் துடைத்து வைத்துவிட்டு நகர்ந்தாள்.

மேசையின் நாலாவது பக்கம் ஏன் காலி என்று க்ளெண்டாவுக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். தொலைக்காட்சி நாடகத்துக் குடும்பங்கள் அப்படித்தான் சாப்பிடும். மூன்று பக்கம் ஆள் உட்காரும், ஒரு பக்கம் வெறுமனே கிடக்கும். அங்கே ஒருவர் உட்கார்ந்தால் கேமராவுக்கு அவர் முதுகுதான் தெரியும். அத்தனை வருஷம் அந்த மேசையில் அப்பா வேஷம் போட்ட மனுஷர் இவர். புத்தி எல்லாம் போன பிறகும் அந்தப் பழக்கம் மட்டும் போகவில்லை.

எப்படிப் போகும்? ஊருக்கெல்லாம் அப்பா, சொந்த வீட்டுக்கு விருந்தாளி.

வெள்ளிக்கிழமைதோறும் படப்பிடிப்பு; ஜனங்களை எதிரே உட்காரவைத்து, அவர்கள் சிரிப்பையும் சேர்த்து எடுக்கும் சிரிப்பு நாடகம். அம்மா அவளைக் கூட்டிப்போய் பார்வையாளர்களின் முன் வரிசையில் உட்கார வைப்பாள். நேர் எதிரே அந்த மேசை. மேசையில் ஆவி பறக்கும் இறைச்சி. அப்பா யாரோ பெற்ற பிள்ளைகளை "என் கண்ணு" என்று கொஞ்சி ஊட்டிவிடுவார். இவளுக்குப் பசியில் வயிறு இரையும்.

கூட்டமே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும். க்ளெண்டா மட்டும் சிரிக்க மாட்டாள். பல்லைக் கடித்துக்கொண்டு இருப்பாள், கல்லுளிமங்கி. சின்னப் பிள்ளையால் வேறு எப்படிப் பழிவாங்க முடியும்?

அதோடு விட்டாரா? டைரக்டர் போதும் என்பார். ஜனங்களும் சிரித்து ஓய்ந்திருப்பார்கள். அப்பாதான் கையைத் தூக்குவார், இன்னொரு தடவை எடுக்கலாம் என்று. திரும்ப இன்னொரு தடவை. கேமராக்காரர்கள் வாய்க்குள்ளேயே திட்டுவார்கள். ஆறின இறைச்சியை எடுத்துப்போய்ச் சூடு பண்ணிக் கொண்டுவருவார்கள். அம்மா உட்கார்ந்தபடியே தூங்கி விழுவாள்.

"இவருக்கு நாடகம்தான் பொண்டாட்டி, நாடகம்தான் புள்ள" என்று ஒருநாள் அம்மா பெட்டியைக் கட்டினாள். மகளையும் இழுத்துக்கொண்டு ஒஹையோவில் தாய்வீட்டுக்குப் போனவள், சாகும்வரை இந்தப் பக்கம் திரும்பவில்லை.

க்ளெண்டாவும் திரும்பியிருக்க மாட்டாள். ஒன்றே ஒன்றுக்காகத்தான் வந்தாள். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, அவர் வாயால் தன் பேரைக் கேட்டுவிட வேண்டும். கேட்டால் சரி. இல்லாவிட்டால் சாயங்கால விமானம், அத்தோடு தலைமுழுகிவிடுவது.

காலையிலிருந்து கேட்டதெல்லாம் மேடம், மேடம்தான்.

வெர்னன் திடீரென்று முதுகை நிமிர்த்தினார். தட்டைப் பார்த்தார். முகத்தில் எங்கிருந்தோ பழைய களை வந்து உட்கார்ந்தது.

"இன்னைக்கு யார் சமையல்? வாசல்ல தீயணைப்பு வண்டி நிக்குது, அதான் கேட்டேன்."

சொல்லிவிட்டுக் காத்திருந்தார்.

அக்கம்பக்கத்து மேசைகளில் சிரிப்பு எழுந்தது. எல்லாரும் கிழட்டு நடிகர்கள். தொழில் மரியாதை தெரிந்தவர்கள். தினம் கேட்கிற வசனம்தான் என்றாலும் கைவேலையை நிறுத்திவிட்டு மனசாரச் சிரித்தார்கள். யூனிஸும் சிரித்தாள்.

க்ளெண்டா சிரிக்கவில்லை. பல் தானாகவே கடித்துக்கொண்டது.

வெர்னன் அவளைப் பார்க்கக்கூட இல்லை. அவர் கண் அந்தக் காலிப் பக்கத்தைத் தாண்டி எங்கோ தேடியது. பிறகு, ஐயோ, அதே கை மேலே எழுந்தது.

"இன்னொரு தடவை."

அவளுக்குப் பொறுக்கவில்லை.

"எதுக்குப்பா இன்னொரு தடவை? அதான் எல்லாரும் சிரிச்சாச்சே!"

வெர்னன் அவள் பக்கம் சாய்ந்தார். கூட நடிப்பவரிடம் ரகசியம் சொல்வதுபோல் குரலைத் தாழ்த்தினார்.

"எல்லாரும் சிரிச்சாங்க மேடம். முன் வரிசையில எம்பொண்ணு க்ளெண்டா உட்கார்ந்திருக்கா. அவ இன்னும் சிரிக்கல."

க்ளெண்டாவின் பேர், அவர் வாயாலேயே.

அவள் எழுந்தாள். மேசையைச் சுற்றி நாலாவது பக்கம் போனாள். மேசையை ஒட்டி அல்ல, தள்ளி, அன்றைக்கு முன் வரிசை இருந்திருக்கக்கூடிய தூரத்தில் ஒரு நாற்காலியைப் போட்டு, அவருக்கு எதிரே உட்கார்ந்தாள்.

வெர்னன் இந்தத் தடவை விரட்டவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"இன்னைக்கு யார் சமையல்?"

வசனம் முடிவதற்குள்ளேயே அவள் சிரித்துவிட்டாள். கண்ணீர் கன்னத்தில் வழிய, மூக்கை உறிஞ்சிக்கொண்டு, சத்தமாகச் சிரித்தாள். கூடத்தில் வேறு யாரும் சிரிக்கவில்லை.

வெர்னன் கையைக் கீழே இறக்கினார். சாப்பாட்டுக்காகக் கழுத்தில் கட்டியிருந்த துணியை அவிழ்த்து மேசைமேல் வைத்தார்.

"அவ்வளவுதான்ப்பா, விளக்கை அணைங்க" என்றார். "புள்ள பசியோட இருக்கா. வீட்டுக்குப் போகணும்."