இறங்காத கோடு

நீவெஸ் மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு அந்த வரைபடத்தையே பார்த்தாள். வட்டார வங்கியின் இருபது வருடத்துப் பங்கு விலை. கோடு ஒரு தடவைகூட இறங்கவில்லை.

முப்பத்தெட்டு வருடம் ஆஸ்பத்திரியில் காய்ச்சல் அட்டை பார்த்தவள் அவள். கோடு இப்படி வழவழவென்று வந்தால், டூட்டியில் இருந்தவள் அளக்காமலே எழுதிவிட்டாளா என்றுதான் முதலில் விசாரிப்பாள்.

இந்தப் பங்கை வாங்கத்தான் வந்திருந்தாள். கைப்பையில் ஓய்வுப் பணம், அறுபதாயிரம் யூரோ, காசோலையாக இருந்தது. அதை விட்டால் அவளுக்கு வேறு சொத்து கிடையாது.

மேலாளர் ஜில்டோ பங்காதாயக் கணக்கை அடுக்கினான். பிறந்த அன்று அவனைக் குளிப்பாட்டித் துணியில் சுற்றியவளே அவள்தான். ஊருக்கே அவள் சிஸ்டர், அவனுக்கும் அப்படியே. கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் தலைமை அலுவலகத்து ஆள் ஒருவர் காப்பியைக் கலக்கியபடி இவர்களையே கவனித்துக்கொண்டிருந்தார்.

"ஊர்ல எல்லா பேங்கும் மண்ணைக் கவ்வின வருஷம்கூட இது ஏறியிருக்கே. யாருப்பா அளந்தது?"

இந்தப் பங்கு சந்தைக்குப் போவதில்லை, நிர்வாகக் குழுதான் விலை வைக்கும், வசந்தகாலக் கூட்டத்தில் பங்குதாரர்கள் கைதூக்கி ஒப்புக்கொள்வார்கள் என்றான் ஜில்டோ.

நீவெஸுக்குச் சிரிப்பு வந்தது. கை தூக்கியவர்களில் அவளும் உண்டு. அப்பா விட்டுப்போன பத்துப் பங்குக்காக வருடாவருடம் வங்கி அனுப்பும் பேருந்தில் போவாள். அடுத்தது பொலெந்தா, அதாவது சோளக்களி, விருந்து என்ற அவசரத்தில் என்ன விலை என்றுகூடக் கேட்காமல் கையைத் தூக்குவாள்.

அவளுக்கு ஒரு குறுகுறுப்பு.

"அந்தப் பத்துல ஒண்ணை வித்துக் குடேன். ஒண்ணே ஒண்ணு."

ஜில்டோ தடுப்புப் பக்கம் ஒரு பார்வை பார்த்தான். விற்பதற்கு வரிசை இருக்கிறது, புதிதாக யாராவது வாங்கினால் வரிசையில் முன்னால் நிற்பவருக்குப் பணம் போகும் என்று மெல்லிய குரலில் சொன்னான். உங்கள் எண் ஆயிரத்து எண்ணூற்று நாற்பத்தாறு என்றான்.

ஒரே ஒரு பங்குக்கு இத்தனை பேருக்குப் பின்னாலா?

வரிசையில் சேரக் கையெழுத்துப் போடச் சொல்லி ஜில்டோ, விற்கக் காத்திருப்பவர்களின் தடிமனான பதிவேட்டைப் பிரித்து அவள் பக்கம் திருப்பினான். பேனாவைக் கொடுத்துவிட்டு ஜன்னல் வழியே சதுக்கத்தைப் பார்க்க ஆரம்பித்தான். அவன் காது மடல் சிவந்திருந்தது.

முதல் வரியில், இரண்டு வருடத்துக்கு முந்தைய தேதியில், ஒரு பெயர் இருந்தது. ஜில்டோ சனெல்லா. தொள்ளாயிரத்து எண்பது பங்கு.

ஒரு பங்கு அறுபது யூரோ. நீவெஸ் மனதுக்குள் பெருக்கிப் பார்த்தாள். அவளுடைய காசோலை அவனை முழுசாகக் கரையேற்றிவிடும்.

அவள் கைப்பையின் ஜிப்பை இழுத்து மூடினாள்.

பிறகுதான் கையெழுத்துப் போட இடம் தேடினாள். அந்தப் பக்கத்தில் இடமே இல்லை. அவள் எண் இருந்தது கடைசிப் பக்கத்தில்.

அவன் பிரித்து வைத்தது முதல் பக்கத்தை.