ஈரத்துணி

பூவம்மாவின் வீட்டுக்குள் மூன்று பேர் ஈரத்துணி தேடிக்கொண்டிருந்தார்கள்.

பக்கத்து வீட்டு சௌக்கத் அலி அரிசி டிரம்மைத் திறந்து பார்த்தார். அவர் மனைவி சாபிரா தலையணைகளை ஒவ்வொன்றாகப் பிழிந்து பார்த்தாள். ஆட்டோ ஓட்டும் வெற்றி அடுப்படியில் குனிந்திருந்தான்.

தெருச் சங்கத்தின் செயலாளர் நீலமேகம் எதையும் தொடவில்லை. நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டு வாசலில் நின்றார்.

துறைமுகத்தில் முப்பது வருஷம் மூட்டை எண்ணியவர் அவர். ஓய்வு பெற்ற பிறகும் கை சும்மா இருக்கவில்லை. எண்ணூரில் அந்தத் தெருவில் எந்தெந்த நாள் கரிச்சாம்பல் விழுகிறது என்று போன கார்த்திகையிலிருந்து குறித்துவந்தார். பக்கத்துக் கட்டத்தில், அன்றைக்குத் தெருவில் யார் என்ன செய்தார்கள் என்று குறித்தார்.

கூட்டிப் பார்த்தபோது ஒன்று ஒத்துவந்தது. பூவம்மா துணி துவைத்துக் காயப்போட்ட நாற்பத்தோரு நாளில் முப்பத்தெட்டு நாள் சாம்பல் விழுந்திருந்தது.

மீதி மூன்று நாள் அவள் சோப்பு சரியாகப் போட்டிருக்க மாட்டாள் என்று தெருவில் பேசிக்கொண்டார்கள்.

"வடக்குக் காத்து அடிச்சாத்தாண்ணே துணி சீக்கிரம் காயும். அந்த நாளாப் பாத்துத் தோய்க்கிறேன். அதே காத்துதான் சாம்பலையும் இட்டாருது" என்று பூவம்மா அப்போதே சொல்லிப் பார்த்தாள்.

சம்பந்தம் இருப்பதாக அவளே ஒப்புக்கொண்டாள் என்று நீலமேகம் எழுதிக்கொண்டார்.

வடக்கே தெரிகிற புகைபோக்கிக்கு மனுப் போட்டுப் பதினோரு வருஷம் ஆகிறது. பதில் இல்லை. பூவம்மா மூன்றாவது வீடு. கூப்பிட்டால் வருவாள்.

தெருவில் அவள் துணி துவைக்கக் கூடாது என்று முடிவானது.

பூவம்மாவுக்குத் தன் புடவையைப் பற்றிக் கவலை இல்லை. மகள் சங்கமித்ராவின் வெள்ளைக் கோட்டுதான் கவலை. அவள் தண்டையார்பேட்டையில் ஓர் ஆஸ்பத்திரியில் நர்ஸ் டிரெய்னிங். கோட்டில் கரிப்புள்ளி இருக்கிறதென்று இரண்டு முறை திருப்பி அனுப்பிவிட்டார்கள். மூன்றாவது முறை அப்படி வந்தால் அதோடு நின்றுகொள்ளலாம் என்று சொல்லியிருந்தார்கள்.

அதனால் இரண்டு பஸ் மாறி, மாத்தூரில் தங்கை வீட்டுக்குப் போய்க் கோட்டைத் துவைத்து எடுத்துவந்தாள். பதினாலு நாள் காற்றும் இல்லை, சாம்பலும் இல்லை. தெரு சந்தோஷமாக இருந்தது.

இன்று விடிகாலையில் காற்று அடித்தது. சாம்பல் விழுந்தது. அப்படியென்றால் இவள் திருட்டுத்தனமாகத் துவைத்திருக்கிறாள்.

"மாட்டிகிச்சு" என்றான் வெற்றி. அவன் கையில் ஒரு கந்தல். சொட்டிக்கொண்டிருந்தது.

"அது சாம்பல் தொடச்ச துணிப்பா. காலைல வுழுந்துச்சு, தொடச்சேன்" என்றாள் பூவம்மா.

நீலமேகம் நோட்டைப் புரட்டினார். "எது முந்தி, எது பிந்தின்னு இதுல கட்டம் இல்லம்மா. சாம்பலும் வுழுந்துகீது, ஈரத்துணியும் கீது. ரெண்டும் ஒரே நாளு. எனக்குத் தெரிஞ்சது அவ்ளோதான்."

சாபிரா தலையணையைக் கீழே வைத்தாள். "அப்போ எங்க வூட்லயும் ஈரத்துணி கீதுண்ணே. நானுந்தான் தொடச்சேன்."

வெற்றி வீட்டிலும் இருந்தது. தெருவில் இருபத்திரண்டு வீட்டிலும் இருந்தது. நீலமேகம் காலையில் தன் ஸ்கூட்டரை எதை வைத்துத் துடைத்தார் என்று யாரும் கேட்கவில்லை. ஆனால் அவர் நேர்மையான மனிதர். தன் பெயரையும் எழுதிக்கொண்டார்.

மறுநாளிலிருந்து தெருவில் யாரும் எதையும் துடைக்கக் கூடாது என்று முடிவானது.

முதல் மூன்று நாள் கஷ்டமாக இருந்தது. படி, ஜன்னல், ஸ்கூட்டர், முருங்கை இலை எல்லாம் கறுத்தன. அப்புறம் பழகிவிட்டது.

ஐந்தாம் நாள் யாரும் புதுச் சாம்பலைப் பார்க்கவில்லை. எல்லாம் நேற்று இருந்த நிறத்திலேயே இருந்தன. ஆறாம் நாளும் அப்படித்தான். பத்தாம் நாள் நீலமேகம் தெருவுக்கே ஜிலேபி வாங்கித் தந்தார்.

"இனிமே நீ தாராளமா தோய்ச்சுக்கோம்மா. உம்மேல தப்பில்லன்னு ஆயிடுச்சு."

பூவம்மா அன்றைக்கே கோட்டைச் சொட்டு நீலம் போட்டு அலசி, வாசலில் காயப்போட்டாள். மறுநாள் சங்கமித்ராவுக்குக் காலை டியூட்டி.

சாயங்காலம் கொடியைச் சுற்றிக் கூட்டம் நின்றது. கோட்டு முழுக்கக் கரிப்புள்ளி.

"தெரு மொத்தத்துல வேற எங்கியும் வுழுல. இதுமேல மட்டும் வுழுந்துகீது" என்றார் சௌக்கத் அலி. "கோட்டுலதான் இன்னாவோ கீது மாமு."

கோட்டு இனித் தெருவுக்குள் வரக் கூடாது என்று பேச்சு எழுந்தது. பெண்ணுக்கு வேறு வேலையா கிடைக்காது என்றும் யாரோ கேட்டார்கள். சங்கமித்ரா கதவோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

பூவம்மா யாரோடும் சண்டைக்குப் போகவில்லை. உள்ளே போய் ஒரு துணியை நனைத்து எடுத்துவந்தாள். வாசற்படியில் உட்கார்ந்து, ஒரு சாண் அகலத்துக்கு அழுத்தித் துடைத்தாள். கறுப்புக்கு அடியிலிருந்து வெள்ளை டைல்ஸ் வெளியே வந்தது.

"இப்ப பாருங்க" என்றாள்.

எல்லோரும் குனிந்தார்கள்.

காற்று இருந்தது. வெள்ளை மேல் ஒரு கரிப்புள்ளி வந்து உட்கார்ந்தது. கொஞ்சம் தள்ளி இன்னொன்று. அப்புறம் மூன்றாவது.

பூவம்மா நிமிர்ந்து நீலமேகத்தின் முகத்தைப் பார்த்தாள்.

அவர் அந்தப் புள்ளிகளை விரல் நீட்டி எண்ணினார். பிறகு அவள் பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, அவளுக்கு மட்டும் கேட்கிற குரலில், ரொம்பவும் வருத்தத்தோடு சொன்னார்.

"பாத்தியாம்மா. தொடச்ச வொடனே வந்துடுச்சு."