கெட்டிமேளத்துக்குப் பின்னால்

"பழைய கண்டன்சரையே திரும்பப் போட்டுக் குடுய்யா! என் கல்யாண கேசட்டுல என்னமோ கீச்சுன்னு சத்தம் வருது!" என்று கத்திக்கொண்டே ஸ்பீக்கர் பெட்டியை மெக்கானிக் அருளப்பனின் மேசைமேல் பொத்தென்று வைத்தார் கோதண்டம். அருளப்பனுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. உச்சக் குரல்களைச் சின்ன ஸ்பீக்கருக்குப் பிரித்தனுப்பும் கிராஸோவரைக் கழற்றி, பழுதான கண்டன்சரை அவன் மாற்றிய பிறகுதான், வாங்கிய நாளிலிருந்து ஊமையாகக் கிடந்த சின்ன ஸ்பீக்கர் வாய் திறந்திருந்தது.

"என்ன கொறைன்னு நீங்களே கேட்டுச் சொல்லுங்க." அவர் பையிலிருந்த அந்தக் கல்யாண கேசட்டைப் பிடுங்கிப் போட்டான். தாலி கட்டும் நேரம். கெட்டிமேளத்தைக் கிழித்துக்கொண்டு மெல்லிய குரல் வந்தது: "வேணாம்பா... வேணாம்பா..."

"யாரோ கொழந்தை அழுவுது," என்றார் கோதண்டம்.

"கொழந்தைதான். பதினஞ்சு வயசு," என்றாள் பின்னால் நின்ற அவர் மனைவி. முன்னே வந்து சத்தத்தை முழுதாகக் கூட்டி வைத்தாள்.