வாதி ஆஜராகவில்லை

"நிர்மலேந்து சர்க்கார்!" டவாலி இரண்டாம் முறையாகக் கூப்பிட்டான்.

யாரும் எழுந்திருக்கவில்லை.

சௌந்தரம் பெஞ்சில் புடவைத் தலைப்பைத் திருகிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கல்கத்தாவின் அலிப்பூர் கோர்ட்டில் அவள் பிரதிவாதி. சர்க்கார் எழுதிய புத்தகத்திலிருந்து திருடித் தன் புத்தகத்தில் போட்டுக்கொண்டாள் என்று வழக்கு.

புத்தகம் என்றால் பெரிய காவியம் ஒன்றும் இல்லை. கல்கத்தாவிலிருந்து வைத்தியத்துக்கு வேலூர் போகிறவர்களுக்கு ஒரு கையேடு. 'இங்கேதான் வலிக்கிறது', 'சாதத்தைக் குழைய வடியுங்கள்' என்று தமிழை வங்காள எழுத்தில் எழுதிக் கொடுத்திருந்தாள். தொண்ணூற்றேழாம் வருஷம் ஹவுரா ஸ்டேஷன் கடைகளில் நன்றாகவே போயிற்று.

அந்தத் தமிழெல்லாம் அவளுடையது. எந்த லாட்ஜில் தங்கலாம், எங்கே மீன் கிடைக்கும், எந்த வரிசையில் எத்தனை மணிக்கு நிற்கவேண்டும் என்று எட்டுப் பக்கம் இருந்ததே, அது மட்டும் சர்க்காருடையது.

வேறு என்ன செய்வாள்? தமிழச்சி என்றதும், வேலூர் உங்களுக்குத் தண்ணீர் பட்ட பாடு என்று, புத்தகம் கேட்ட அச்சாபீஸ்காரர் சொல்லிவிட்டார். அவளோ தென்காசிக்காரி. வேலூரைப் படத்தில்கூடப் பார்த்ததில்லை. அதைச் சொல்ல வெட்கப்பட்டுக்கொண்டு, சர்க்காரைப் பார்த்து எழுதிவிட்டாள்.

அதிலும் ஒரு லாட்ஜை இடித்து இரண்டு வருஷமாகிறது. சர்க்கார் தெரியாமல் போட்டிருந்தார். இவளும் போட்டிருந்தாள். மாட்டிக்கொள்ள இது போதாதா?

தோற்றால் மிச்சப் பிரதிகளைக் கூழாக்கவேண்டும். அது போனால் போகிறது. புருஷனுடைய துறைமுக ஆபீசிலும், பாலிகஞ்ச் தமிழ்க் குடும்பங்கள் நடுவிலும் திருடி என்ற பேர் நின்றுவிடுமே. அதை நினைத்து அவளுக்கு ஒரு மாசமாகச் சோறு இறங்கவில்லை.

மூன்றாம் முறையும் கூப்பிட்டாயிற்று. வாதியும் இல்லை, வாதியின் வக்கீலும் இல்லை. ஜட்ஜ் கடிகாரத்தைப் பார்த்தார், வழக்கைத் தள்ளுபடி செய்தார், அடுத்த கேஸ் கட்டைக் கேட்டார்.

"பார்த்தீங்களா, பயந்துட்டாரு" என்றார் அவளுடைய வக்கீல், ஏதோ தான் வாதாடி ஜெயித்த மாதிரி.

சௌந்தரம் வாசலுக்கு வந்தவள் அப்படியே நின்றுவிட்டாள்.

எதிர்ச் சாரி டீக்கடை பெஞ்சில் சர்க்கார் உட்கார்ந்திருந்தார். காலடியில் மூன்று காலி மண்குவளைகள். வந்து வெகு நேரமாகியிருக்கவேண்டும்.

போன மாசம், துர்கா பூஜை முடிந்த மறுநாள், தன் வக்கீலுக்குத் தெரியாமல் காளிகாட்டில் அவர் வீட்டுக்குப் போயிருந்தாள். அந்த நாளில் சின்னவர்கள் பெரியவர்கள் காலைத் தொட வந்தால், பகையாளி என்று திருப்பி அனுப்பமாட்டார்கள் இந்த ஊரில். காலைத் தொட்டாள். "நான் வேலூருக்கே போனதில்லை, மேஷோமோஷாய்" என்று, சித்தப்பா முறை வைத்துச் சொல்லி அழுதுவிட்டாள். அவர் கேஸைப் பற்றி வாயே திறக்கவில்லை. தேங்காய் உருண்டையைத் தட்டில் வைத்து, சாப்பிடு என்றார். அவர் மகன்தான் கதவருகே நின்று முறைத்துக்கொண்டிருந்தான்.

இப்போது சாலையைக் கடந்து போய் அவர் முன்னால் கைகூப்பினாள். நீங்கள் நன்றாயிருக்கவேண்டும் என்று மனசு நிறையச் சொன்னாள். இவ்வளவு தூரம் வந்து வெளியே உட்கார்ந்திருப்பதற்கு, வழக்கை வாபஸ் வாங்கியிருக்கலாமே என்றும் கேட்டுவிட்டாள்.

"வாபஸ் வாங்கினா பையன் வீட்டை ரெண்டாக்கிடுவான். மறந்துட்டேன்னு சொன்னா, கிழவனுக்குப் புத்தி தடுமாறிடுச்சுன்னு விட்டுடுவான். வக்கீலும் என்னோட படிச்சவன்தான், அவனுக்கும் வயசாச்சு."



அவர் எழுந்து டிராம் பக்கம் நடந்தார். குடை பெஞ்சிலேயே கிடந்தது. அவள் எடுத்துக்கொண்டு பின்னாலேயே ஓடினாள்.

வேண்டாம் என்று கையை ஆட்டினார். கோர்ட்டை மட்டும் மறந்தேன் என்றால் மகன் நம்பமாட்டானாம்.