துடக்கு வீட்டு வாடகை

பத்துமலையின் மனைவி இறந்த மாதம், வாடகைப் பணத்தோடு போனவரை வீட்டுச் சொந்தக்காரி சந்திரமதி வாசலிலேயே தீட்டைச் சொல்லி மறித்துவிட்டார்.

“சாவு விழுந்த துடக்கு வீட்டுக் காசு, கை நீட்டி வாங்கப்படாது அண்ணை. ஆண்டுத் திவசம் முடியட்டும், பிறகு பாப்பம்.”

ஒவ்வொரு மாதமும் அதே பதில்தான். இந்தக் காலத்தில் இப்படியும் ஒரு மனுஷியா என்று செமோர் ஊர் முழுக்கச் சொல்லித் திரிந்தார் பத்துமலை.

திவசத்துக்கு முன்பே வக்கீல் நோட்டீஸ் வந்தது. வாடகை பாக்கியாம், வீட்டைக் காலி செய்ய வேண்டுமாம்.

ஈப்போ நீதிமன்ற வராந்தாவில் பத்துமலையின் வக்கீல் தர்மினி தைரியம் சொன்னார்.

“பயப்படாதீங்க அண்ணே. பாக்கி மொத்தத்தையும் இன்னைக்கே கோர்ட்டுல கட்டிட்டா உங்கள அசைக்க முடியாதுலா. அவங்க வாங்காத காசு அப்படியே இருக்குதானே?”

பத்துமலை எதிர்ப் பெஞ்சைப் பார்த்தார்.

அங்கே சந்திரமதியின் மடியில் பேத்தி உட்கார்ந்திருந்தது. போன மாதம் அதன் பிறந்தநாளுக்கு, நன்றிக்கடனாக அந்தக் காசு முழுவதையும் போட்டு பத்துமலை எடுத்துக் கொடுத்த சங்கிலி கழுத்தில் மின்னியது.

அதை மட்டும் சந்திரமதி இரண்டு கையையும் நீட்டித்தான் வாங்கிக்கொண்டார். தங்கத்துக்குத் துடக்கு கிடையாதாம்.